விற்பனைக்கு இல்லாத ஷாப்ட்

என் கடைச் சுவரில் மூன்று வருஷமாக ஒரு ஷாப்ட் தொங்கியது. மஞ்சள் பிளாஸ்டிக் மூடி போட்டது, இரண்டு முனையிலும் சங்கிலி வைத்தது. மதுராந்தகம் சுற்று வட்டாரத்தில் டிராக்டர் வைத்திருக்கிற பாதிப் பேர் அதை விலை கேட்டிருப்பார்கள். விற்பனைக்கு இல்லை என்பேன். அப்புறம் எதற்கு மாட்டி வைத்திருக்கிறாய் என்று கேட்பார்கள். ஒரே ஒரு ஆளுக்காக வைத்திருக்கிறேன், அவன் இன்னும் வரவில்லை என்பேன். ஏதோ வேண்டுதல் போலிருக்கிறது என்று சிரித்துக்கொண்டே போவார்கள். வேண்டுதலேதான்.

ஷாப்ட் என்றால் பெரிய மர்மம் ஒன்றுமில்லை. டிராக்டரின் பின்புறம் நீட்டிக்கொண்டிருக்கிற பல் வைத்த தண்டில் ஒரு முனையை மாட்ட வேண்டும், ஜெனரேட்டரில் மறுமுனையை மாட்ட வேண்டும். டிராக்டர் ஓடினால் ஷாப்ட் சுற்றும், கரண்ட் வரும். புயல் அடித்து லைன் போய்விட்டால் கோழிப் பண்ணைக்காரன், இறால் பண்ணைக்காரன் பிழைப்பெல்லாம் அந்த இரும்பில்தான் இருக்கிறது. ஆனால் அதைப் பார்த்து வாங்குகிற லட்சணம் இருக்கிறதே! சணல் கயிற்றில் முடிச்சுப் போட்டுக்கொண்டு வருவார்கள். சவுக்குக் குச்சியை ஒடித்துக்கொண்டு வருவார்கள். இந்த நீளத்துக்குக் கொடு என்பார்கள். டிராக்டர் எத்தனை குதிரைத் திறன், இந்தப் பக்கம் எத்தனை பல், அந்தப் பக்கம் எத்தனை பல் என்று கேட்டால் தலையைச் சொறிவார்கள். கடைசியில் மூடியை என்னிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு, கிரீஸ் அடிக்கப் பேஜாராக இருக்கிறது, இது வேண்டாம் என்பார்கள். அந்த இடத்தில் எனக்கு ஓங்கி ஓர் அறை விடலாம் போல வரும். என் பெயர் ஜோதிலட்சுமி, என் கோபம் இந்தக் கடைத்தெருவுக்கே தெரியும். அதனால் மூடியைப் பேசாமல் திரும்ப வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள்.

மூடி இல்லாத ஷாப்ட் என்ன செய்யும் என்று தெரியவேண்டுமானால், கடை ஓரத்தில் உட்கார்ந்து ஒற்றைக் கையால் நட்டும் வாஷரும் பிரித்துக்கொண்டிருக்கிற என் வீட்டுக்காரரைப் பார்த்தால் போதும்.

அவர் பெயர் ராஜாராம். கடப்பாக்கத்தில் ஆனந்தன் என்பவனுடைய இறால் பண்ணையில் டிராக்டர் ஓட்டினார். ஓட்டுவது மட்டுமில்லை, அங்கே மிஷின் என்று பெயர் உள்ளதெல்லாம் அவர் பொறுப்பு. ஆனந்தன் பழைய இரும்புக் கடையிலிருந்து ஒரு வெளிநாட்டு ஜெனரேட்டரைப் பிடித்து வந்திருந்தான். நம் டிராக்டர் பக்கம் ஆறு பல், அந்த மிஷின் பக்கம் இருபத்தொரு பல். அதற்கு ஷாப்ட் கடையில் கிடைக்காது, சொல்லிச் செய்தால்தான் உண்டு. அந்த ஷாப்டின் மூடி விரிசல் விட்டது. புது மூடி வாங்கித் தரச்சொல்லி இவர் மூன்று முறை கேட்டார். மூன்றாவது முறை கேட்டபோது ஆனந்தன் அதைத் தானே கழற்றி மூலையில் வீசினான். இது இல்லாவிட்டாலும் ஷாப்ட் சுற்றும் என்றான். சுற்றத்தான் செய்தது.

அது கார்த்திகை மாதம். இவர் சபரிமலைக்கு மாலை போட்டிருந்தார். பதினெட்டாம் வருஷம். பதினெட்டாம் வருஷம் மலைக்குப் போகிறவர் ஒரு தென்னங்கன்றையும் கொண்டுபோக வேண்டும். கன்றை முன்கூட்டியே வாங்கி வாசலில் வைத்து, காலையும் சாயங்காலமும் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். மற்ற நாளில் பேண்ட் போட்டுத்தான் மிஷின் பக்கம் போவார். மாலை போட்டவர் கறுப்பு வேட்டிதானே கட்ட முடியும்? விடிகிற நேரத்தில் கரண்ட் போனது. ஓடிப்போய் டிராக்டரைக் கிளப்பினார். ஷாப்ட் வேட்டி முனையைப் பிடித்துச் சுருட்டியது. வேட்டியை விடுவிக்கக் கையை நீட்டினார். இடது கை தோளுக்குக் கீழே நான்கு விரல் அளவு மிஞ்சியது.

கை போனதைத் தலையெழுத்து என்று நினைத்து என்றைக்காவது விட்டிருப்பேனோ என்னவோ. ஆனால் அன்று சாயங்காலத்துக்குள் ஆனந்தன் ஒரு காரியம் செய்தான். ராஜாராம் குடித்துவிட்டு மிஷினிடம் போனான் என்று போலீஸில் சொன்னான். அது போதாதென்று எங்கள் ஊர்க் குருசாமி நரசிம்மனிடமும் போய் அதையே சொன்னான். முப்பது பேருக்கு மாலை போட்டு மலைக்கு அழைத்துப் போகிறவர் அவர். பண்ணை முதலாளி, வருஷா வருஷம் சாமிமார்களுக்கு அன்னதானம் போடுகிறவன், அவன் ஏன் பொய் சொல்லப் போகிறான் என்று எல்லோரும் நம்பினார்கள். மறுநாள் குருசாமி ஆஸ்பத்திரிக்கு வந்தார். ஆபரேஷனுக்காகக் கழற்றி என் கையில் கொடுத்திருந்த மாலையைக் கேட்டு வாங்கினார். விரதத்தில் குடித்தவனுக்கு இது எதற்கு என்றார். என் வீட்டுக்காரர் கட்டிலில் படுத்தபடி அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாழ்நாளில் ஒரு சொட்டு தொட்டறியாத மனிதர்.

அதன் பிறகு அவர் கோயிலுக்குப் போனதில்லை. யாராவது எதிரில் வந்து கும்பிட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வார். திமிர் பிடித்தவர் என்று தெருவில் பேசுவார்கள். திருப்பிக் கும்பிட இரண்டு கை வேண்டும், அது யாருக்கும் தோன்றியதில்லை.

ஊரைவிட்டுக் கிளம்பி மதுராந்தகம் வந்தோம். கழுத்தில் காதில் இருந்ததைப் போட்டு டிராக்டர் ஸ்பேர்ஸ் கடை வைத்தேன். தென்னங்கன்றைக் கடைக்குப் பின்னால் நட்டேன், இப்போது என்னைவிட உயரம். கடை திறந்ததும் நான் ஆர்டர் கொடுத்த முதல் சரக்கு அந்த ஷாப்ட்தான். ஒரு பக்கம் ஆறு பல், மறுபக்கம் இருபத்தொரு பல். பில்லைப் பார்த்த என் வீட்டுக்காரர் ஒன்றும் கேட்கவில்லை, ஆணி அடித்துச் சுவரில் மாட்டிக் கொடுத்தார்.

நான் காத்திருந்தது கண்மூடித்தனமாக இல்லை. ஷாப்டின் இரண்டு முனையிலும் கிராஸ் என்று ஒன்று உண்டு. நாலு பக்கமும் பேரிங் வைத்த சின்ன இரும்பு, ஷாப்ட் வளைந்து சுற்றுவது அதனால்தான். வாரம் ஒரு முறை கிரீஸ் அடித்தால் பத்து வருஷம் வரும். அடிக்காவிட்டால், அதுவும் அந்த உப்புக் காற்றில், மூன்று வருஷம் தாங்கினால் அதிகம். ஆனந்தனின் பண்ணையில் வாரம் தவறாமல் கிரீஸ் அடித்துக்கொண்டிருந்த ஒரே கை இங்கே நட்டு பிரித்துக்கொண்டிருக்கிறது.

இந்தக் கார்த்திகையில் புயல் வந்தது. கடற்கரை ஓரமாகக் கம்பங்கள் எல்லாம் சாய்ந்து, மூன்று நாளாகக் கரண்ட் இல்லை. மூன்றாம் நாள் காலை கடையைத் திறந்தபோது ஒரு ஆள் சவுக்குக் குச்சியோடு வாசலில் நின்றான். ரஞ்சித்குமார் என்றான், கடப்பாக்கத்தில் ஒரு பண்ணையில் சூப்பர்வைசராம். 

"எத்தினி பல்லு?" என்று கேட்டேன்.

"ஒரு பக்கம் ஆறுக்கா. இன்னொரு பக்கம் நெறைய கீது. எண்ணிகினுதான் வந்தேன், இருவதா இருவத்தொண்ணான்னு கொயப்பமா பூட்ச்சு."

உட்காரவைத்து விசாரித்தேன். டீசல் ஜெனரேட்டர் முதல் நாளே தண்ணீரில் மூழ்கிவிட்டது. டிராக்டர் ஜெனரேட்டர்தான் இரண்டு நாளாக ஓடியது. விடிகாலையில் கிராஸ் நொறுங்கி, ஷாப்ட் முனை பிளந்துவிட்டது. வெல்டிங் வைத்து மாட்டினார்கள், பத்து நிமிஷத்தில் மறுபடியும் உடைந்தது. நான்கு குட்டையிலும் அறுவடைக்கு ஒரு வாரமே பாக்கியுள்ள இறால். தண்ணீரை அடித்துக் காற்று ஏற்றுகிற விசிறிகள் நின்றுவிட்டன. ஆக்சிஜன் மாத்திரையைக் கொட்டிக்கொண்டிருக்கிறார்கள், மத்தியானம் வரைக்கும் தாங்கினால் பெரிசு. முதலாளி செங்கல்பட்டில் கடை கடையாக ஏறி இறங்கிக்கொண்டிருக்கிறார்.

ரஞ்சித்குமாரின் கண் சுவரில் இருந்த ஷாப்ட் மேல் விழுந்தது. அதை உன்னிடம் கொடுக்க மாட்டேன், உன் முதலாளி வந்தால்தான் பேச்சு என்றேன். அவன் போன் போட்டு முதலாளியை வரச்சொன்னான்.

ஒரு மணி நேரத்தில் ஆனந்தன் வந்தான். வெள்ளை வேட்டி முழங்கால் வரைக்கும் சேறு. கடைக்குள் காலை வைத்தவன் என்னைப் பார்த்தான், ஓரத்தில் இவரைப் பார்த்தான், திரும்பிப் போய்விடலாமா என்று யோசித்ததுகூட அவன் முகத்தில் தெரிந்தது. ஆனால் போவதற்கு வேறு கடை இல்லை.

நல்லா இருக்கியா ஜோதி என்று ஆரம்பித்தான். நல்லா இருக்கிறோம், ஒரு கை குறைச்சல், மற்றபடி ஒன்றுமில்லை என்றேன். விலையைச் சொல்லு, இரண்டு மடங்கு தருகிறேன், மூன்று மடங்கு தருகிறேன் என்றான். முன்பெல்லாம் அவனை மொதலாளி என்றுதான் கூப்பிடுவேன். அன்று எனக்கு அந்த வார்த்தை வாயில் வரவில்லை.

"உன் துட்டு எனக்கு வாணாம், ஆனந்தா. போற வழியில குருசாமி பூஜை போடற எடம் கீதுல்ல, அங்க எறங்கு. சாமிங்க அத்தினி பேரு முன்னாடி நீ அன்னிக்கு சொன்னது பொய்யினு சொல்லு. சொன்னா ஷாப்ட் உன் பண்ணைக்கு வரும். இல்லியா, திரும்பி வந்து இதே ஆணியில தொங்கும்."

இங்கேயே சொல்கிறேனே, உன் கால் வேண்டுமானாலும் பிடிக்கிறேனே என்றான். எங்கே சொன்னாயோ அங்கேதான் சொல்ல வேண்டும் என்றேன். என் வீட்டுக்காரர் பக்கம் திரும்பி, நீயாவது சொல்லப்பா என்று கெஞ்சினான். இவர் கையில் இருந்த வாஷரை அதற்குரிய டப்பாவில் போட்டார். எழுந்தார். இரும்பு அறுக்கிற ஆக்ஸா ரம்பம், அரம், அளவு டேப், கிரீஸ் கன், நான்கையும் பையில் போட்டுத் தோளில் மாட்டிக்கொண்டார். நான் அவரை வரச்சொல்லிக் கேட்கவே இல்லை.

கடைப் பையன் ஓட்ட, எங்கள் லோடு ஆட்டோவில் கிளம்பினோம். பின்னால் நான் உட்கார்ந்து ஷாப்டை மடியில் குறுக்கே வைத்துக்கொண்டேன். வழியெல்லாம் சாய்ந்த புளியமரத்தை அறுத்து ஒதுக்கிக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு மரத்துக்கும் நிற்க வேண்டியிருந்தது. ஆனந்தன் ரஞ்சித்குமாரை ஏற்றிக்கொண்டு காரில் பின்னால் வந்தான். ஒவ்வொரு முறை நிற்கும்போதும் இறங்கி ஓடிவந்து, மூன்றாம் குட்டையில் இறால் மேலே வர ஆரம்பித்துவிட்டதாம், கொஞ்சம் வேகமாகப் போகச் சொல்லு என்பான். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதை மறைத்து என்ன ஆகப்போகிறது? ஆஸ்பத்திரி வராந்தாவில் அவனுக்காக நான் எத்தனை நாள் காத்திருந்தேன், ஒரு தரம்கூட வரவில்லை. இப்போது புளியமரம் எனக்காக அவனைக் காக்கவைத்தது.

ஊர்ப் பிள்ளையார் கோயிலில் உச்சிப் பூஜை முடிகிற நேரம். கறுப்பு வேட்டியில் முப்பது பேரும் இருந்தார்கள். குருசாமி நரசிம்மன் விபூதித் தட்டோடு வாசலுக்கு வந்தவர், ஆட்டோவில் இருந்த எங்களைப் பார்த்து நின்றுவிட்டார். ஆனந்தன் செருப்பைக் கழற்றிவிட்டுப் போய் நடுவில் நின்றான்.

அன்றைக்கு நடந்த சம்பவத்தில் தான் ஏதோ தவறாகப் புரிந்துகொண்டதாக இழுத்தான். நான் ஷாப்டின் முனையை ஆட்டோத் தகரத்தில் ஓங்கி ஒரு இடி இடித்தேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். அவனும் பார்த்தான். அப்புறம் தலையைக் குனிந்துகொண்டு சொன்னான்.

"ராஜாராம் குடிக்கல சாமி. ஒரு நாளும் குடிச்சதில்ல. மூடியைக் கயட்டிப் போட்டது நான். கேசு எம்மேல வந்துடும்னு பயந்துகினு பழியைத் தூக்கி அவன் மேல போட்டேன்."

 குருசாமி விபூதித் தட்டைப் படியில் வைத்தார். உள்ளே போனார். பெட்டி திறக்கிற சத்தம் கேட்டது. மூன்று வருஷத்துக்கு முன்னால் வாங்கிக்கொண்டு போன அதே மாலையைக் கொண்டுவந்து இவர் முன்னால் நீட்டினார். அவர் கண்ணில் தண்ணீர் நின்றது. நிற்கட்டும் என்று நினைத்தேன்.

என் வீட்டுக்காரர் மாலையைப் பார்த்தார். "நேரமாவுது சாமி. எறா செத்துடும்" என்றார்.

நீட்டிய கை அப்படியே நின்றது. அந்த மாலையை என்னிடமிருந்துதான் வாங்கிக்கொண்டு போனார், அதனால் நானே கையை நீட்டித் திரும்ப வாங்கிக்கொண்டேன். ஆனந்தன் என் பக்கம் வந்து, போலீஸில் சொன்னதற்கு என்ன செய்ய என்று மெல்லக் கேட்டான். அதற்கு முப்பது சாமி சாட்சி இருக்கிறார்கள், நாளைக்குப் பேசிக்கொள்ளலாம், இப்போது காரில் ஏறு என்றேன்.

பண்ணைக்குப் போனபோது மூன்றாம் குட்டை வெளுத்துக் கிடந்தது. இறால் செத்து மிதந்தது. கொக்குகள் கரையில் வரிசைகட்டி நின்றன. மற்ற மூன்று குட்டையிலும் உயிர் இருந்தது, தண்ணீருக்கு மேலே துள்ளித் துள்ளி விழுந்தது. ரஞ்சித்குமார் ஓடிவந்து ஷாப்டை வாங்கி டிராக்டருக்கும் ஜெனரேட்டருக்கும் நடுவில் வைத்துப் பார்த்தான். நான்கு அங்குலம் கூடுதல் நீளம்.

அளவு தப்பாக இருக்கிறதே என்று ஆனந்தன் அலறினான். தப்பில்லை என்றேன். ஷாப்ட் எப்போதும் நீளமாகத்தான் வரும். ஒன்றுக்குள் ஒன்று போகிற இரண்டு குழாய் அது. மிஷினுக்குத் தக்கபடி இரண்டையும் ஒரே அளவு அறுக்க வேண்டும். கூட இருந்தால் ஜெனரேட்டர் பேரிங்கை இடித்து உடைக்கும், குறைந்தால் ஓடும்போது பிடுங்கிக்கொண்டு பறக்கும். சரியான அளவு வாங்கிக் கடையிலேயே அறுத்துக் கொண்டுவந்திருக்கலாம். நான் அளவு கேட்கவில்லை, ரஞ்சித்குமார் கொண்டுவந்த குச்சியையும் பார்க்கவில்லை. வேண்டுமென்றேதான் கேட்கவில்லை.

காலையில் வெல்டிங் வைத்தவர்கள் ஒருவரும் ரம்பத்தைத் தொட முன்வரவில்லை. இருப்பது ஒரே ஷாப்ட், கோணலாக அறுத்துவிட்டால் அவ்வளவுதான். என் வீட்டுக்காரர் டேப்பை வாயில் கடித்து இழுத்து அளந்தார், சாக்பீஸால் கோடு போட்டார், தரையில் உட்கார்ந்தார். குழாயை யாராவது பிடித்துக்கொள்ள வேண்டும். ரஞ்சித்குமார் குனிந்தான். இவர் அவனை நகரச் சொன்னார்.

"மொதலாளி, நீ வா. என் எடது கை நீதான். அசையாம புடி."

ஆனந்தன் சேற்றில் மண்டிபோட்டான். வேலையாட்கள் அத்தனை பேரும் சுற்றி நின்று பார்த்தார்கள். குழாயை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். இவர் அறுக்க ஆரம்பித்தார். இவர் அவசரப்படவும் இல்லை, வேண்டுமென்று மெதுவாகவும் செய்யவில்லை. எந்த வேலையையும் எப்படிச் செய்வாரோ அப்படியே செய்தார். அந்த நிதானம்தான் ஆனந்தனைக் கொன்றது. குட்டையில் இறால் விழுகிற சத்தம் ஒரு பக்கம், ரம்பச் சத்தம் ஒரு பக்கம். இரும்புக் குழாய் இரண்டு, மூடிக் குழாய் இரண்டு, மொத்தம் நான்கு வெட்டு. மூன்றாவது வெட்டில் வியர்வை கண்ணில் இறங்க, ஆனந்தன் துடைக்கக் கையை எடுக்கப் பார்த்தான்.

"வுட்டீன்னா கோணலா பூடும்" என்றார் இவர்.

எடுக்கவில்லை. கண் எரிய எரியப் பிடித்துக்கொண்டிருந்தான். ஒரு கை இல்லாமல் கண்ணைத் துடைப்பதும் சட்டைப் பித்தான் போடுவதும் எப்படி இருக்கும் என்று மூன்று வருஷமாக நான் பார்த்தவள். அவன் கால் மணி நேரம் பட்டான். எனக்கு அது போதவில்லை, ஆனாலும் நன்றாக இருந்தது.

பிசிறை அரத்தால் தேய்த்து, கிரீஸ் அடித்து, இரண்டு முனையும் ஒரே நேராக இருக்கிறதா என்று கண்ணை இடுக்கிப் பார்த்து மாட்டினார். மூடியைப் போட்டுச் சங்கிலியை மட்டும் விட்டுவிட்டார். அதை ஆனந்தனே மாட்டட்டும் என்றார். உள்ளே இருக்கிற இரும்பு சுற்ற வேண்டும், வெளியே இருக்கிற மூடி நிற்க வேண்டும், அதைப் பிடித்து நிறுத்துவது இந்தச் சங்கிலிதான் என்று அவனுக்கு நிதானமாகச் சொல்லிக் கொடுத்தார். ஆனந்தன் இரண்டு பக்கமும் மாட்டினான். வேட்டியை மடித்து இறுக்கிக் கட்டிக்கொண்டு தள்ளி நிற்கச் சொன்னார். டிராக்டரைக் கிளப்பினார்கள். மஞ்சள் மூடி அசையாமல் நின்றது, உள்ளே ஷாப்ட் சுற்றியது. ஒவ்வொரு குட்டையிலும் விசிறி ஓட ஆரம்பித்துத் தண்ணீர் நுரைத்தது.

ஒரு குட்டை போனது, மூன்று பிழைத்தது. நாலும் போயிருக்கக் கூடாதா என்று எனக்கு இருந்தது. என் வீட்டுக்காரர் விசிறிகளை ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்துவிட்டு ரம்பத்தைத் துடைத்துப் பைக்குள் வைத்தார்.

கிளம்பும்போது ஆனந்தன் எதிரில் வந்து நின்றான். வேலையாட்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சேறும் கிரீஸும் அப்பிய இரண்டு கையையும் நெஞ்சுக்கு நேரே சேர்த்து இவரைக் கும்பிட்டான். இவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"கைய எறக்கு" என்றேன். "அவரால திருப்பிக் கும்புட முடியாது."

இறக்கினான். வேட்டியில் துடைத்தான், பின்னால் கட்டினான், மறுபடியும் முன்னால் கொண்டுவந்தான். நாங்கள் ஆட்டோவைத் திருப்பிக்கொண்டு போகும்வரை, அந்த இரண்டு கையையும் எங்கே வைப்பதென்று தெரியாமல் ஆனந்தன் அங்கேயே நின்றுகொண்டிருந்தான்.